ஒன்பதாம் மாடிக் கூட்டணி

குலசிங்கத்துக்கு ஒரு சொல் சரியாக அமையாவிட்டால் சோறு இறங்காது. கொழும்பில் அரசாங்க மொழிபெயர்ப்புப் பகுதியில் பதினெட்டு வருடம் பேனா பிடித்தவர். ரொறன்ரோவுக்கு வந்தபின் பக்கத்து மார்க்கம் நகரில் ஒரு தொழிற்சாலையில் கம்பியூட்டர் உதிரிப்பாகங்களைப் பெட்டியில் அடுக்குகிறார். அந்தப் பெட்டியையும் சும்மா விடுவதில்லை. அதன் மேல் ஒட்டியிருக்கும் எச்சரிக்கையைத் தமிழில் 'உடையக்கூடியது' என்பதா, 'கவனம், உடையும்' என்பதா என்று மதியச் சாப்பாட்டு நேரம் முழுவதும் யோசிப்பார். எழுதித் தரும்படி அவரை யாரும் கேட்டதில்லை. வோபர்ன் பகுதியில் அவர் குடியிருந்த பன்னிரண்டு மாடிக் கட்டடத்தில் அவருக்கு 'அகராதி அண்ணை' என்று பெயர். பாதி மரியாதை, பாதி பகிடி. அவர் முழுவதையும் மரியாதை என்றே எடுத்துக்கொண்டார்.

தொண்ணூற்றாறாம் ஆண்டு ஜனவரியில் அவருடைய மனைவி ரதி கார் தரிப்பிடத்து ஐஸில் சறுக்கி விழுந்து முழங்காலை உடைத்துக்கொண்டாள். ஆஸ்பத்திரியில் தகடு வைத்து ஆணி முடுக்கி அனுப்பினார்கள். எலும்பு பொருந்தி வளர்ந்துவிடும், ஆனால் கிழமைக்கு இரண்டு முறை பிசியோவுக்குப் போய்க் காலை மடக்கிப் பழகாவிட்டால் முழங்கால் அப்படியே இறுகிவிடும் என்றார் டொக்டர். பிசியோ நிலையம் பஸ்ஸில் பத்து நிமிடம். அந்தப் பத்து நிமிடம் பெரிதில்லை. ஒன்பதாம் மாடியிலிருந்து தரைக்கு இறங்குவதுதான் பெரிது.

கட்டடத்தில் இரண்டு எலிவேற்றர்கள். ஒன்று கார்த்திகையிலேயே உயிரை விட்டு, பலகை அடித்து மூடப்பட்டிருந்தது. மற்றது பெப்ரவரி முதல் கிழமையில் அதற்குத் துணையாகப் போய்ச் சேர்ந்தது. முதல் பிசியோவுக்கு ரதியைச் சமையலறைக் கதிரையில் இருத்தி, குலசிங்கம் ஒரு பக்கமும் கட்டடத்துக் காவலாளி மறுபக்கமுமாகத் தூக்கினார்கள். ஐந்தாம் மாடித் திருப்பத்தில் கதிரை சரிந்தது. ரதி போட்ட சத்தத்தில் எல்லா மாடிக் கதவுகளும் திறந்தன.

“இனிச் செத்தாலும் இந்தக் கதிரையிலை இருக்கமாட்டன்,” என்றாள் அவள். அதன்பின் நாலு பிசியோ தவறிப்போனது. இன்னும் ஒரு மாதம் இப்படிப் போனால் தான் ஒன்றும் செய்ய முடியாது என்று பிசியோ பெண் போனில் சொன்னாள். ரதிக்கு வயது நாற்பத்தாறு. ஜன்னலோரம் காலை நீட்டியபடி இருந்து, கீழே பஸ் வருவதையும் போவதையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

முறைப்பாடு செய்யாமல் இல்லை. அதில்தான் முழுக் கோமாளித்தனமும். அந்தக் கட்டடத்தில் வெள்ளிக்கிழமைகளில் பஜனை வைக்கும் சைவ அன்பர் மன்றம் ஒன்று உண்டு. குலசிங்கம் அதற்குச் செயலாளர். செபமாலை சொல்லும் கத்தோலிக்கக் குழு ஒன்று உண்டு. பதினோராம் மாடிக் கஸ்பர் அதற்குத் தலைவர். தமிழரல்லாதவர்களுக்குக் குடியிருப்பாளர் கமிற்றி ஒன்று. கயானாவில் பிறந்து, ரொறன்ரோவில் பஸ் ஓட்டி ஓய்வுபெற்ற அலெக்ஸாண்டர் அதை நடத்தினார். மூன்று பேரும் மூன்று கடிதம் போட்டார்கள். கட்டடத்தை நடத்திய நிர்வாகம் மூன்று பேருக்கும் ஒரே பதிலை அனுப்பியது: உங்களைத் தவிர வேறு யாரும் முறையிடவில்லை.

மூன்று கடிதத்திலும் அழகானது குலசிங்கத்தின் கடிதம்தான். அதுதான் அதிகம் கெடுத்ததும். 'இக்கட்டடத்தில் வாழும் தமிழ் மக்கள் அனைவர் சார்பிலும்' என்று தொடங்கிவிட்டு, கீழே சைவ அன்பர் மன்றம் என்று முத்திரை குத்தியிருந்தார். அதன் பிரதி ஒன்றைத் தபால் பெட்டிகளுக்கு அருகே ஒட்டியும் விட்டார். அதை வாசித்த நாளிலிருந்து கஸ்பர் அவரோடு கதைப்பதில்லை. படிக்கட்டில் எதிர்ப்பட்டால் சுவரைப் பார்த்துக்கொண்டு ஏறுவார்.

மாசி நடுப்பகுதியில் அலெக்ஸாண்டர் மூச்சு வாங்க ஒன்பதாம் மாடிக்கு ஏறி வந்தார். கவுன்சிலரின் ஒபிசில் ஓர் அதிகாரியைப் பிடித்துவிட்டாராம். தனித்தனியாக வந்தால் தனித்தனியாகவே தட்டிக் கழிப்பார்கள், எல்லாரும் ஒரே அமைப்பாக வாருங்கள், நிரம்பிய கூட்டத்தைக் கண்ணால் கண்டால் நிர்வாகத்துக்குத் திருத்த உத்தரவு போடவைப்பது என் பொறுப்பு என்று அந்த மனிதர் சொன்னாராம். அடுத்த புதன் மாலை கட்டடத்துக் கீழ்த்தள லொபிக்கே வருகிறாராம். அலெக்ஸாண்டர் கையில் ஆங்கிலத் துண்டுப்பிரசுரம் இருந்தது. தலைப்பு, குடியிருப்பாளர் கோஅலிஷன்.

“மிஸ்டர் குலா, இதைத் தமிழாக்க உன்னை விட்டால் ஆள் இல்லை,” என்றார் ஆங்கிலத்தில். அந்த ஒரு வசனத்திலேயே குலசிங்கம் விழுந்துவிட்டார்.

இரண்டு மாலைகள் அந்தச் சொல்லோடு மல்லுக்கட்டினார். 'சம்மேளனம்' என்றால் மேளம் கேட்கிறது. 'ஐக்கிய முன்னணி' என்றால் ஊர்வலம் போகிறது. 'கூட்டமைப்பு' பரவாயில்லை, ஆனால் உப்பில்லை. கடைசியில் 'கூட்டணி' என்று வைத்தார். கூட்டும் அணியும் சேர்ந்த சொல். தனித்தனி அணிகள், அணி கலையாமலே ஒன்றாய் நிற்பது. இதைவிடப் பொருத்தம் உண்டா? 'குடியிருப்பாளர் கூட்டணி' என்று தடித்த எழுத்தில் அடித்து, நூற்றிருபது பிரதி எடுத்து, தமிழர் வீடு ஒவ்வொன்றின் கதவுக்குக் கீழாலும் தள்ளிவிட்டு வந்தார்.

புதன்கிழமை லொபிக்கு நாலு பேர் வந்தார்கள். அதில் ஒருவர் குலசிங்கம். இன்னொருவர் அலெக்ஸாண்டர். மூன்றாமவர் தபால் எடுக்க வந்தவர். நாலாமவர் அந்த அதிகாரியேதான். அதிகாரி மணிக்கூட்டைப் பார்த்தார், அலெக்ஸாண்டரின் வாடிய முகத்தையும் பார்த்தார். “இரண்டு கிழமை கழித்து இன்னொரு முறை வருகிறேன். அதிலும் இப்படியென்றால், பிறகு கோடைக்குத்தான்,” என்று சொல்லிவிட்டுப் போனார்.

கோடைக்குள் ரதியின் முழங்கால் இறுகிவிடும். குலசிங்கம் ஒன்பது மாடியும் ஏறும்போது அதை மட்டுமே நினைத்தார். வழியில் ஆறாம் மாடியில் ஒருவர் மறித்து, “என்ன அண்ணை, ஊர்க் கட்சியை இஞ்சையும் துவங்கிட்டியளோ? எந்தக் கூட்டணி? ஆர் தலைவர்?” என்று கேட்டார். ஊரில் அந்தப் பெயரோடு ஒரு கட்சி இருந்தது உண்மைதான். அந்த நாட்களில் கட்சிப் பெயர் காதில் விழுந்தாலே சனம் கதவைச் சாத்தியது. குலசிங்கம் தலையில் அடித்துக்கொண்டார். பிழை பிடிபட்டுவிட்டது! எல்லாம் அந்தச் சொல்லால் வந்த வினை. வேறு சொல் வேண்டும்.

சனிக்கிழமை நூலகத்துக்குப் போய், தலையணை மொத்தத்தில் இருந்த ஆங்கில அகராதியை இறக்கினார். சொல்லின் வேரைப் பிடித்தால் சரியான தமிழ் தானாக வரும் என்பது அவருடைய பழைய நம்பிக்கை. மூன்று மணித்தியாலம் கழித்து, முகமெல்லாம் வெளிச்சமாக வீட்டுக்கு வந்தார். கோட்டைக் கழற்றவும் இல்லை.

“ரதி, கேளும்! கோஅலிஷன் எண்டுறது லத்தீன்லை இருந்து வந்தது. 'சேர்ந்து வளருறது' எண்டுதான் கருத்து. முதல்லை அரசியலே கிடையாது. ஒரு பொருளின்ரை பகுதியள் ஒண்டோடை ஒண்டு பொருந்தி வளருறதுக்குத்தான் சொன்னவை. நூறு வருசம் பிந்தித்தான் கட்சிக்காரர் எடுத்தவை. இன்னும் அடிக்குப் போனால், 'ஊட்டி வளர்க்கிறது' எண்டு ஒரு வேர் கிடக்கு!”

ரதி கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். “டொக்டரும் என்ரை எலும்புக்கு உதைத்தானே சொன்னவர். சேர்ந்து வளருமெண்டு.”

“ஓமோம், அதேதான்!”

“அது தன்ரைபாட்டிலை சேரேல்லையே. தகடு வைச்செல்லோ முடுக்கினவை.” அவள் கீரைத் தண்டை முறித்தாள். “இஞ்சாருங்கோ, அந்தச் சொல் என்ன பாவம் செய்தது? எங்கடை மூத்தவளின்ரை கலியாணத்துக்குக் கார்ட் அடிச்சனாங்கள். அதைக் கதவுக்குக் கீழாலை தள்ளிப்போட்டே வந்தனாங்கள்?”

குலசிங்கம் கோட்டின் பொத்தான்களைக் கழற்றத் தொடங்கினார்.

“ஒரு வீட்டிலை ஏறி இருந்து, தேத்தண்ணி குடிச்சு, 'நீங்கள் வந்து நடத்தித் தரவேணும்' எண்டு கேட்டால்தானே எங்கடை சனம் வரும்? பேப்பரைத் தள்ளிப்போட்டு, வரேல்லை எண்டு அகராதியைப் பிரட்டுறியள். உந்த எழுத்தைப் பார்த்து நான் எண்டாலும் போகமாட்டன். என்னை ஒருத்தரும் வந்து கேக்கேல்லை எண்டுதான் இருப்பன்.”

சனம் கட்சியென்று பயந்ததும் உண்மைதான். ஆனால் வாசலுக்கு வந்து ஒரு மனிதன் கேட்டிருந்தால் அந்தப் பயம் ஒரு நிமிடத்தில் தீர்ந்திருக்கும். இது குலசிங்கத்துக்குத் தெரியாத விசயமா? மகளின் கலியாணத்துக்கு ஒஷாவா வரை கார் பிடித்துப் போய், ஒரே நாளில் பதினொரு வீட்டில் ஏறி இருந்து எழும்பியவர். தாளும் பேனாவும் கையில் வந்தால் மனிதரை மறந்துவிடுவது அவருடைய பழைய வியாதி.

“அப்ப வாரும், ரெண்டு பேருமாய்ப் போவம்,” என்றார் பழக்கதோசத்தில். சொன்ன பிறகுதான் அவளுடைய கால் கண்ணில் பட்டது.

ரதி சிரிக்கவில்லை. “தனியப் போய்க் கேக்கிறது அழகில்லை. ரெண்டு பகுதியும் சேர்ந்து போறதுதான் முறை. நீங்கள் முதல்லை மேலை ஏறிக் கஸ்பர் வீட்டுக்குப் போங்கோ.”

கிளிநொச்சிக்கு நடந்து போ என்றிருந்தாலும் குலசிங்கம் போயிருப்பார். இரண்டு மாடி ஏறிக் கஸ்பர் வீட்டுக்குப் போவதற்கு அவருக்கு ஒரு முழு நாள் பிடித்தது. ஞாயிறு பின்னேரம், கஸ்பர் பூசைக்குப் போய்வந்து சாப்பிட்டு முடித்திருப்பார் என்று கணக்குப் போட்டு, துவைத்த சேர்ட் போட்டுக்கொண்டு ஏறினார். கதவைத் திறந்தவர் கஸ்பரேதான். அவர் கதவைப் பாதிக்கு மேல் திறக்கவில்லை.

“உள்ளுக்கை வரச் சொல்லுங்கோவன்,” என்று கஸ்பரின் மனைவி யூஜினியின் குரல் உள்ளேயிருந்து வந்தது.

குலசிங்கம் போய் சோபாவின் நுனியில் இருந்தார். வழியெல்லாம் பாடமாக்கி வந்த முன்னுரை ஒன்று இருந்தது. அது காற்றோடு போய்விட்டது.

“கஸ்பர், கூட்டத்துக்கு உங்களைக் கேக்க வந்தனான். நீங்கள் வந்து நடத்தித் தரவேணும்.”

“உங்கடை கடிதத்திலை எல்லாத் தமிழரும் எண்டு கிடந்தது, அண்ணை. நாங்கள் இருபத்தெட்டு வீடு. எங்களிலை ஒருத்தரைக் கேட்டனீங்களோ?”

“இல்லை.”

“பிறகு எங்கடை பேரிலை எப்பிடி எழுதினீங்கள்?”

“பிழைதான்,” என்றார் குலசிங்கம். அகராதி முழுக்கத் தெரிந்த மனிதர், முழங்காலில் கையை வைத்துக்கொண்டு குனிந்திருந்தார். “ரதி படியிறங்கி மூண்டு கிழமையாகப் போகுது கஸ்பர். அவளின்ரை கால் போகப் போகுது.”

கஸ்பருக்கு முகம் மாறியது. ரதி விழுந்தது தெரியும். பிசியோ தவறுவது தெரியாது. யார் அவருக்குச் சொன்னார்கள்? யூஜினி தேத்தண்ணியைக் கொண்டுவந்து குலசிங்கத்தின் கையில் வைத்தாள். அவர் அதை ஒரு சொட்டும் விடாமல் குடித்து முடிக்கும்வரை கஸ்பர் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு எழும்பிப் போய்த் தன் குளிர்ச் சப்பாத்தைக் கொண்டுவந்து மாட்டினார்.

“வெளியிலை போகேல்லை, படிக்கட்டுக்கு உது எதுக்கு?” என்றாள் யூஜினி.

“மூண்டாம் மாடியிலை படியெல்லாம் தண்ணி. வாங்கோ அண்ணை, கீழையிருந்து துவங்குவம்.”

அன்று தொடங்கிய ஓட்டம் பத்து நாள் நீண்டது. வேலை முடிந்து வந்ததும் இருவரும் படிக்கட்டில் சந்திப்பார்கள். சைவ வீடென்றால் கஸ்பர் முதலில் கேட்பார். கத்தோலிக்க வீடென்றால் குலசிங்கம். அது யாரும் போட்ட சட்டமல்ல, இரண்டாவது வீட்டிலேயே தானாக அமைந்துவிட்டது. கதவைத் திறந்தவர்கள் இந்த இருவரையும் ஒன்றாகக் கண்டதுமே பாதி சம்மதித்துவிட்டார்கள். “நீங்கள் ரெண்டு பேரும் கதைக்கிறியளோ?” என்று எட்டாம் மாடி அன்ரனெற் வாய்விட்டே கேட்டாள். கட்சியா என்று கேட்டவர்களுக்குக் கஸ்பர், “எலிவேற்றர் கட்சி” என்றார்.

தேத்தண்ணிதான் பாடாய்ப் படுத்தியது. ஒரு வீட்டில் குடித்துவிட்டு அடுத்த வீட்டில் வேண்டாமென்றால் அது பெரிய குறை. ஒரு மாலைக்கு ஏழு, எட்டு. ஏழாவது கோப்பையை வாயில் வைக்கும்போது, அந்த லத்தீன் வேரில் ஊட்டுவது என்று கிடந்தது குலசிங்கத்துக்கு நினைவு வந்து, தேத்தண்ணி புரைக்கேறியது. என்ன என்று கேட்ட கஸ்பருக்கு இருமலுக்கிடையே விளக்கப் பார்த்தார். “சரி அண்ணை, முதல்லை விழுங்குங்கோ,” என்றார் கஸ்பர்.

மூன்றாம் நாள் அலெக்ஸாண்டரும் சேர்ந்துகொண்டார். தன் பக்கத்து வீடுகளுக்கும் இப்படியே போகலாம் என்று அவருக்குத் தோன்றிவிட்டது. ஜமெய்க்கா வீடுகளிலும் பிலிப்பைன்ஸ் வீடுகளிலும் மூவருமாகப் போய் இருந்து, கிடைத்ததைக் குடித்துவிட்டு வந்தார்கள். தமிழ் வீடுகளில் அலெக்ஸாண்டர், “கட்டாயம் வரவேணும்” என்று பஸ்ஸில் நிறுத்தம் அறிவிக்கும் குரலில் சொல்வார். அதைக் கேட்பதற்காகவே சிலர் இரண்டாம் முறை கூப்பிட்டார்கள்.

கூட்ட நாள் வந்தது. குலசிங்கம் சேர்ட் மாட்டிக்கொண்டிருக்க, ரதி சேலை கட்டி முடித்து, கம்பூன்றி வந்து சோபாவில் இருந்தாள். மடியில் ஒரு தட்டு, அதில் கற்கண்டு.

“இதென்ன?”

“ஊரையெல்லாம் கேட்டுப்போட்டு, வீட்டுக்காரி வாசல்லை நிக்காட்டில் சனம் என்ன நினைக்கும்? கதிரையைக் கொண்டாங்கோ.”

குலசிங்கம் சமையலறைக்குப் போய்த் தூக்கி வந்தார். செத்தாலும் இருக்கமாட்டேன் என்ற கதிரை. கஸ்பரும் அலெக்ஸாண்டரும் ஆளுக்கொரு பக்கம் பிடித்தார்கள். ஏழாம் மாடியில் இரண்டு பேர் வந்து கை மாற்றினார்கள். ஐந்தாம் மாடித் திருப்பத்தில், முன்பு சரிந்த அதே இடத்தில், ரதி கண்ணை மூடினாள். குலசிங்கமும் பிடிக்க, ஆறு கைகள் கதிரையைத் தாங்கின. தட்டிலிருந்து ஒரு கற்கண்டும் விழவில்லை. பின்னால் இறங்கி வந்த சனம் படிக்கட்டை நிறைத்தது.

லொபியில் நிற்க இடமில்லை. வெளிக் கதவுக்கு அப்பாலும் பனியில் ஆட்கள் நின்றார்கள். வாசலில் ரதி காலை நீட்டியபடி இருந்து ஒவ்வொருவருக்கும் கற்கண்டுத் தட்டை நீட்டினாள். உள்ளே நுழைந்த அதிகாரிக்கும் நீட்டினாள். அவர் ஒன்றை எடுத்து, என்ன செய்வதென்று தெரியாமல் கையில் வைத்துக்கொண்டு, கட்டுப் போட்ட காலையும் கதிரையையும் பார்த்தார்.

“நீங்கள் எந்த அமைப்பு?” என்று ஆங்கிலத்தில் கேட்டார். எழுதிக்கொள்ள ஒரு தாளும் வைத்திருந்தார்.

குலசிங்கம் முன்னால் வந்தார். வேரிலிருந்து நுனிவரை அவரிடம் பதில் இருந்தது. அதற்குள் ரதி சொல்லிவிட்டாள்.

“சேம் பில்டிங்.”

அதிகாரி நிமிர்ந்து கூட்டத்தைப் பார்த்தார். அதன் பின் வேறு கேள்வி கேட்கவில்லை. குலசிங்கம் தன் மனைவியைப் பார்த்தார். இரண்டு மாலையும் மூன்று மணித்தியாலமும் தேடிய பொருள் அந்த இரண்டு சொல்லுக்குள் இருந்தது. பொறாமையாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது. பெருமைதான் கூட.

உத்தரவு அடுத்த கிழமை வந்தது. திருத்தி முடியும்வரை பிசியோ நாட்களில் கதிரை தூக்க எந்த மாடியிலிருந்தாவது ஆள் வந்துகொண்டே இருந்தது. ரதி ஒரு முறையும் தவறவில்லை. கடைசிப் பிசியோ முடிந்து மேலே ஏறுகையில் அலெக்ஸாண்டர், நீ இனிக் கம்போடு படி ஏறலாம் என்கிறாள் பிசியோ பெண், கதிரை கீழேயே நிற்கட்டும் என்று அதை லொபியில் வைத்துவிட்டார். அன்று ரதி ஒவ்வொரு மாடியிலும் நின்று நின்று, கம்பிலும் கஸ்பரின் தோளிலும் பிடித்து, தானே ஏறி வந்தாள்.

பங்குனி கடைசிச் சனிக்கிழமை எலிவேற்றர் ஓடுகிறது என்று கீழேயிருந்து சத்தம் கேட்டது. குலசிங்கமும் ரதியும் ஒன்பதாம் மாடி வாசலில் போய் நின்றார்கள். கதவு திறந்தது. உள்ளே ஆள் இல்லை. நடுவில் அவர்களுடைய சமையலறைக் கதிரை நின்றது. முதல் பயணம் ரதிக்கு என்று கீழே யாரோ தீர்மானித்து அனுப்பியிருந்தார்கள். கஸ்பரைக் கேட்டால் தான் இல்லை என்றார், அலெக்ஸாண்டரும் தான் இல்லை என்றார்.

ரதி உள்ளே போனாள். கதிரையைப் பார்த்தாள். பிறகு கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, முழங்காலைச் சற்று மடக்கி நீட்டி, நேராக நின்றாள்.

“நீங்கள் இருங்கோ.”

“எனக்கென்ன கால் வருத்தமே?”

“பத்து நாள் வீடு வீடாய்ப் படி ஏறினது ஆர்? இருங்கோ சொல்லுறன்.”

குலசிங்கம் இருந்தார். கதவு மூடியது. எட்டாம் மாடியில் நின்றது, ஆறாம் மாடியில் நின்றது, நாலாம் மாடியிலும் நின்றது. கதவு திறக்கும் இடமெல்லாம் காத்து நின்ற சனம், அகராதி அண்ணை மாப்பிள்ளை போல நடுவில் இருப்பதையும், கால் உடைந்த பெண்சாதி பக்கத்தில் நிற்பதையும் கண்டு, வயிற்றைப் பிடித்துச் சிரித்துக்கொண்டே உள்ளே ஏறியது. அவருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது. எழும்பப் பார்த்தார். ரதி தோளில் கையை வைத்து அழுத்திக்கொண்டாள். தரை வரும்வரை எடுக்கவில்லை.